தாமதத்தால் ஓடும் வீடு

திருச்சி மாவட்டத்தின் தென்கோடியில் மருங்காபுரி, வடகோடியில் பச்சமலை. சாலை வழியாகப் போனால் நூறு கிலோமீட்டருக்கு மேல். துவரங்குறிச்சியில் பஸ் பிடித்து, திருச்சியில் ஒருமுறை, துறையூரில் ஒருமுறை மாறி ஏறினால் அரை நாள் போய்விடும். சித்திரை மாதத்தில் மருங்காபுரிப் பக்கத்துக் கரட்டுப் பாறைகள் சாமம் வரை அனலைக் கக்கும். மொட்டை மாடியில் தண்ணீர் தெளித்துப் பாய் போட்டாலும் தூக்கம் பிடிக்காது. அதே இரவில், அதே மாவட்டத்தில், பச்சமலையில் டாப் செங்காட்டுப்பட்டிக்கும் அப்பால் ஒரு சரிவில் தனித்து நிற்கும் மண்வீட்டில், விடியற்காலை ஆகும்போது ஆள் போர்வையைத் தேடி இழுத்துக்கொள்வார்.

அந்த வீட்டுக்குள் எட்டிப் பார்த்தால் பெரிதாக ஒன்றும் இல்லை. மண்சுவர், புல் வேய்ந்த கூரை, ஓர் அடுப்பு, தானியம் கொட்டிவைக்கும் குதிர், உரல், முறம், கூரைக்கழியில் தொங்கும் இரண்டு மூன்று சுரைக்குடுக்கைகள். கொஞ்சம் தள்ளி நடந்தால் ஓர் ஊற்று. கரண்ட் வந்த வீடு என்றால் ஒரு பல்பு, ஒரு டிவி. மலையாளிகள் எனப்படும் பழங்குடி மக்களின் வீடு இது. காஞ்சிபுரத்திலிருந்து வந்த அண்ணன் தம்பிகள் ஆளுக்கொரு மலையைப் பிடித்துக்கொண்டு குடியேறியதாகத் தங்கள் பூர்வீகத்தைச் சொல்வார்கள். ஒன்றுமே நடக்காத வீடு என்று வெளியூர்க்காரருக்குத் தோன்றும். உண்மையில் இங்கே இருக்கிற ஒவ்வொரு பொருளும் ஓயாமல் வேலை செய்துகொண்டிருக்கிறது. வேலையும் ஒன்றுதான்: ஓடிப்போகப் பார்க்கும் ஒன்றைப் பிடித்து நிறுத்தி, நிதானமாக விடுவது. மழையை, வெயிலை, தானியத்தின் உயிரை.

முதலில் குளிர். மலைமேல் ஏறினால் சூரியனுக்குப் பக்கத்தில்தானே போகிறோம், சூடு கூட அல்லவா வேண்டும் என்று பள்ளிக்கூடத்தில் ஒரு பையனாவது கேட்டிருப்பான். சூரியன் 15 கோடி கிலோமீட்டர் தூரத்தில் இருக்கிறது. வீடு 900 மீட்டர் உயரத்தில் இருப்பதால் அந்தக் கணக்கில் ஒன்றும் குறைந்துவிடாது. காற்றைப் பெரும்பாலும் சூடாக்குவது வெயில் நேரடியாக அல்ல, வெயிலில் காய்ந்த தரை. தரையில் சூடான காற்று மேலே கிளம்பும். மேலே போகப் போக அதை அழுத்த ஆள் இல்லை, அதனால் விரியும். விரிவதற்கு ஆற்றல் வேண்டும்; அதைத் தன் சொந்தச் சூட்டிலிருந்தே எடுத்துச் செலவழிக்கும். சைக்கிளுக்குக் காற்றடிக்கும்போது பம்பின் அடிப்பாகம் சுடுகிறதே, அதை அப்படியே திருப்பிப் போட்டால் மலைக்காற்று. சராசரியாக 1,000 மீட்டருக்கு 6.5 டிகிரி குறையும். திருச்சி நகரம் கடல் மட்டத்திலிருந்து சுமார் 80 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. ஆக 900 மீட்டரில் இருக்கும் வீட்டுக்கு ஐந்து டிகிரிக்குச் சற்று மேல் இலவசமாகக் குறைகிறது. இந்த ஐந்து டிகிரியை நினைவில் வையுங்கள். பின்னால் வேறொரு கணக்கில் வரப்போகிறது.

காற்று மெலிந்ததற்குச் சமையலறையில் சின்ன அபராதமும் உண்டு. அந்த உயரத்தில் தண்ணீர் 100 டிகிரி வரை போகாது, 97-லேயே கொதித்துவிடும். எவ்வளவு விறகு திணித்தாலும் அதற்கு மேல் ஏறாது. பருப்பு கொஞ்சம் கூடுதல் நேரம் கேட்கும், அவ்வளவுதான். 2,240 மீட்டரில் இருக்கும் ஊட்டியில் இது 93 டிகிரிக்கும் கீழே இறங்கும். குக்கர் இல்லாமல் அங்கே துவரம்பருப்பு வேகவைத்தவர்களுக்குத்தான் அந்த வலி தெரியும்.

இனிச் சுவர். ஓர் அடி கனமுள்ள மண்சுவரில் பிற்பகல் இரண்டு மணி வெயில் விழுகிறது. அந்தச் சூடு சுவருக்குள் நுழைந்து, துகள் துகளாகக் கைமாறி, உட்பக்கம் வந்து சேர எவ்வளவு நேரம் ஆகும்? ஏறத்தாழ பத்து மணி நேரம். இதை வெப்பத் தாமதம் என்கிறார்கள். பகல் வெயில் வீட்டுக்குள் வந்து சேரும்போது நள்ளிரவு. வெளியே குளிர் இறங்கியிருக்கும் நேரம். வேண்டாத நேரத்தில் வந்த சூட்டை வாசலில் காக்கவைத்து, வேண்டும் நேரத்தில் உள்ளே விடுகிறது சுவர். போதாக்குறைக்கு, வருகிற வழியிலேயே அதன் வேகம் பெரும்பகுதி தேய்ந்துவிடுகிறது. வெளிச்சுவர் பகலுக்கும் இரவுக்கும் இடையே இருபது டிகிரி ஏறி இறங்கினாலும் உட்சுவர் ஓரிரண்டு டிகிரிதான் அசையும். நம் ஊர் நாலரை அங்குலச் செங்கல் சுவரில் தாமதம் மூன்று நான்கு மணி நேரம்தான். இரண்டு மணி வெயில் சரியாக மாலை ஆறு மணிக்கு, நாம் வேலை முடிந்து வந்து சட்டையைக் கழற்றும் நேரத்தில், வீட்டுக்குள் வந்து உட்கார்ந்துகொள்ளும்.

கூரைக்குத் தந்திரம் வேறு. கூரைப்புல்லுக்கு என்று தனியாக ஒரு சக்தியும் இல்லை. அது சிறைப்பிடித்து வைத்திருக்கும் காற்றுக்குத்தான் அந்தப் பெருமை. அசையாத காற்று வெப்பத்தை மிக மோசமாகக் கடத்தும். தாள்களின் குழலுக்குள்ளும் இடுக்குகளிலும் நகர முடியாமல் மாட்டிக்கொண்ட காற்றுதான் அந்தக் கூரை. அதே கனத்துக்கு ஒப்பிட்டால் கான்கிரீட் கூரை வேய்ந்த கூரையைவிட இருபது மடங்கு வரை வேகமாக வெப்பத்தைக் கடத்துகிறது.

அந்தக் கூரை ஏன் ஒழுகுவதில்லை என்பது இன்னும் அழகு. ஓட்டைகளால் ஆன கூரை அது! மழைத்துளி ஒரு தாளின் மேல் விழுந்ததும் நீரின் பரப்பு இழுவிசை அதைத் தாளோடு ஒட்டவைக்கிறது. சரிவு செங்குத்தாக இருப்பதால் துளி கீழ்நோக்கி வழிந்து நுனிக்கு வந்து, அடுத்த தாளுக்குக் கைமாறுகிறது. இப்படித் தாள் தாளாக இறங்கி இறவாரத்தில் சொட்டும்போது, மேலேயுள்ள ஓரிரண்டு அங்குலம் மட்டுமே நனைந்திருக்கும். சரிவைக் குறைத்துத் தட்டையாக வேய்ந்தால் இதே புல் ஒரே மழையில் ஒழுகும். மலையில் கூரைகள் அத்தனை கூர்மையாக நிற்பது இதனால்தான்.

கூரையின் உட்பக்கத்தை அண்ணாந்து பாருங்கள். வெளியே சாம்பல் நிறத்தில் வெளுத்த புல், உள்ளே அடுப்புக்கு மேலே கருகருவென்று எண்ணெய் தடவியதுபோல மினுங்கும். தொட்டால் விரலில் பிசுக்கென்று ஒட்டும். விறகுப் புகையில் பீனால் வகைகளும் அமிலங்களும் இருக்கின்றன. பூஞ்சைக்கும் கரையானுக்கும் வண்டுக்கும் அவை ஆகாது. தினம் இரண்டு வேளை சமையல் நடக்கும்போதெல்லாம் கூரைக்கு ஒரு பூச்சு மருந்து அடிக்கப்படுகிறது. திறந்த விறகடுப்பில் எரியும் வெப்பத்தில் நூற்றுக்குப் பத்துப் பதினைந்து பங்குதான் பானைக்குப் போகிறது, மீதி வீண் என்று பொறியியல் புத்தகம் சொல்லும். இந்த வீட்டில் அந்த ‘வீண்’ பங்குதான் கூரையை உலர்த்துகிறது, தானியத்தின் ஈரத்தை இழுக்கிறது, படுக்கிற இடத்துக்குக் கதகதப்புத் தருகிறது.

ஆனால் புகையைக் கொண்டாடிவிட்டுப் போய்விட முடியாது. அதே பிசுக்கு அடுப்படியில் உட்கார்ந்திருக்கும் பெண்ணின் நுரையீரலிலும் படிகிறது. வீட்டுக்குள் எரியும் விறகு, வறட்டி, மண்ணெண்ணெய் போன்றவற்றின் புகையால் 2020-இல் மட்டும் உலகில் 32 லட்சம் பேர் இறந்ததாக உலக சுகாதார அமைப்பு மதிப்பிட்டது. சிலிண்டர் வந்தது நல்லதுதான். கேஸ் அடுப்பு வந்ததும் கூரை சீக்கிரம் மக்கத் தொடங்குகிறது என்பதும் உண்மைதான். ஒன்றோடொன்று பின்னிய பொருள்களில் ஒன்றை உருவினால் இன்னொன்று சரியும். எதை விடலாம் என்று கேட்டால், என் ஓட்டு நுரையீரலுக்கு. கூரைக்கு வேறு வழி பார்த்துக்கொள்ளலாம்.

இந்த வீட்டின் பெரிய எந்திரம் வீட்டுக்குள் இல்லை. காலுக்குக் கீழே இருக்கிறது.

பச்சமலை, கொல்லிமலை, கல்வராயன் எல்லாம் பெரும்பாலும் சார்னோக்கைட் என்ற கரும்பாறையால் ஆனவை. பெயருக்கு ஒரு விசித்திரக் கதை உண்டு. கல்கத்தாவில் ஜாப் சார்னோக் என்ற கிழக்கிந்தியக் கம்பெனி அதிகாரியின் கல்லறைக்குப் போட்ட கல், சென்னைப் பக்கத்திலிருந்து போன கல். அதை ஆராய்ந்த தாமஸ் ஹாலண்ட் 1893-இல் அந்தப் பாறை வகைக்கே அவர் பெயரை வைத்தார். வயது சுமார் 250 கோடி ஆண்டு. இந்தப் பாறையை உடைத்துப் பார்த்தால் ஒரு சொட்டு நீர் புகக்கூட இடம் இருக்காது. பிறகு ஊற்று எங்கிருந்து வருகிறது?

கிணறு வெட்டுகிறவர்களைக் கேட்டால் சொல்வார்கள்: மேலே மண், அதற்கடியில் சுக்காம்பாறை, அதற்கும் அடியில் கடும்பாறை. வெயிலும் மழையும் வேரும் சேர்ந்து லட்சக்கணக்கான ஆண்டுகளாக அரித்து உளுத்துப்போன பாறைதான் சுக்காம்பாறை. மழைநீர் மண்ணில் இறங்கி, இந்த உளுத்த அடுக்கில் புகுந்து, கீழே கடும்பாறையில் முட்டி நின்றுவிடும். மேற்கொண்டு இறங்க வழியில்லாமல் சரிவோடு பக்கவாட்டில் நகரும். அதுவும் எப்படி? பல இடங்களில் ஒரு நாளைக்கு ஒரு மீட்டர்கூடத் தாண்டாது. நத்தையே அதைவிட விரைவு. எங்கே மலைச்சரிவு அந்தப் பாறை விளிம்பை வெட்டிக்கொண்டு போகிறதோ, அங்கே நீர் வெளியே எட்டிப் பார்க்கும். அதுதான் ஊற்று. ஐப்பசி கார்த்திகையில் பெய்த மழை பங்குனியில் குடத்துக்குள் விழுவது இந்த மந்த நடையால்தான். சுற்றிலும் காடு காய்ந்து கிடக்கும்போது அத்தியும் நாவலும் ஓரிடத்தில் மட்டும் பச்சையாக நின்றால், அடியில் ஈரம் நடந்துகொண்டிருக்கிறது என்று பொருள்.

ஒரு கணக்குப் போடலாம். ஒரு சதுர மீட்டரில் ஒரு மில்லிமீட்டர் மழை பெய்தால் ஒரு லிட்டர். ஒரு ஏக்கர் என்பது ஏறத்தாழ 4,047 சதுர மீட்டர். ஆண்டுக்கு 800 மில்லிமீட்டர் மழை என்று வைத்துக்கொண்டால், ஓர் ஏக்கர் நிலம் வாங்கும் நீர் 32 லட்சம் லிட்டர். கடும்பாறைப் பகுதிகளில் அதில் பத்தில் ஒரு பங்குதான் நிலத்தடிக்குப் போகும். மீதி ஓடையில் ஓடும், ஆவியாகும், மரங்கள் குடிக்கும். அந்தப் பத்தில் ஒரு பங்கே 3,20,000 லிட்டர். ஆளுக்கு நாள் ஒன்றுக்கு 40 லிட்டர் வீதம் ஐந்து பேர் உள்ள வீட்டுக்கு ஆண்டுக்கு 73,000 லிட்டர் போதும். ஓர் ஏக்கர் மலைச்சரிவு நாலு வீட்டுக்கு மேல் தண்ணீர் தரும். மோட்டார் இல்லை, தொட்டி இல்லை, பில் இல்லை.

மார்கழியில் ஊத்துத் தண்ணி வெதுவெதுன்னு இருக்கும், சித்திரையில சில்லுன்னு இருக்கும் என்பார்கள். தண்ணீர் இரண்டு மாதத்திலும் ஏறக்குறைய ஒரே சூட்டில்தான் இருக்கிறது. நிலத்துக்குள் சில மீட்டர் இறங்கிவிட்டால் கோடையும் தெரியாது, குளிரும் தெரியாது. அந்த ஊரின் ஆண்டுச் சராசரி வெப்பம் மட்டுமே அங்கே இருக்கும். மண்சுவரின் ஓர் அடிக்குப் பத்து மணி நேரத் தாமதம் என்றால், பல மீட்டர் மண்ணுக்குப் பல மாதத் தாமதம். கோடையும் குளிரும் உள்ளே போய்ச் சேருமுன் ஒன்றையொன்று அடித்துக்கொண்டு சமமாகிவிடுகின்றன. ஊற்றில் ஒரு தெர்மாமீட்டரை நட்டுவைத்தால், ஓராண்டு வானிலைப் பதிவேட்டின் சராசரி ஏறத்தாழ அதில் தெரியும்.

உரலடிக்கு வருவோம். மலையில் பெயர்போன தானியம் சாமை. ஆடியில் விதைத்தால் மூன்று நான்கு மாதத்தில் கைக்கு வரும், மழை தவிர வேறு பாசனம் கேட்காது. இலைக்குள் நடக்கும் வேலைதான் அதற்குக் காரணம். எல்லாப் பயிரும் காற்றிலிருந்து கரியமில வாயுவைப் பிடித்துச் சர்க்கரையாக்குகிறது. பிடிக்கிற கை ரூபிஸ்கோ என்ற நொதி. இது மகா மந்தம். நொடிக்கு மூன்று நான்கு மூலக்கூறைத்தான் பிடிக்கும். அதோடு அடிக்கடி ஆளை மாற்றிப் பிடிக்கும். கரியமில வாயு என்று நினைத்து ஆக்சிஜனைப் பிடித்து, பிறகு அதைச் சரிசெய்ய ஆற்றலைச் செலவழிக்கும். வெயில் கூடினால் குழப்பமும் கூடும். நெல்லுக்கு இந்தத் தொல்லை தீரவே இல்லை. சாமை, தினை, கேழ்வரகு வகையறா இதற்கு ஒரு வழி கண்டுபிடித்தன. வெளி அறையில் வேறொரு நொதி வாயுவைத் தவறாமல் பிடித்து, உள் அறைக்கு அனுப்பி அடைக்கிறது. அங்கே கரியமில வாயு நெரிசலாக இருப்பதால் ரூபிஸ்கோ தப்பான ஆளைப் பிடிக்க வாய்ப்புக் குறைவு. விளைவு, இலைத்துளைகளை நெடுநேரம் திறந்து வைக்கத் தேவையில்லை. தண்ணீர் வெளியேறுவதும் குறையும். ஒரு மூலக்கூறு வாயுவைப் பிடிக்க நெல் வகைப் பயிர் 400 முதல் 500 மூலக்கூறு நீரை இழந்தால், சாமை வகைக்குச் சுமார் 250 போதும்.

பயிர் சிக்கனம், ஆனால் கை வேலை தாராளம். ஒரு கிலோ நெல்லில் நாற்பது ஐம்பதாயிரம் மணி இருக்கும். ஒரு கிலோ சாமையில் நாலு லட்சத்துக்கு மேல். ஒவ்வொன்றும் கண்ணாடிபோல வழவழப்பான உமிக்குள் பூட்டியிருக்கும். குத்திப் புடைத்து, மறுபடி குத்திப் புடைத்து, மூன்று நான்கு சுற்றுக்குப் பிறகுதான் உலைக்குப் போகும் அரிசி. மில் வந்து சேராத காலத்தில் ஒரு வீட்டுப் பெண்ணின் காலை நேரம் முழுவதும் இதிலேயே கழிந்தது. சாமை மலையில் குறைந்துபோனதற்கு இந்தக் கைவலியும் ஒரு காரணம்; சேகோ ஆலைக்குப் போகும் மரவள்ளி தந்த கைக்காசு இன்னொன்று.

முறத்தை மட்டும் நின்று பார்க்க வேண்டும். மணிக்கட்டை ஒரு சுண்டு சுண்டியதும் அரிசியும் உமியும் சேர்ந்தே எழும்புகின்றன. அரிசிக்கு எடை இருக்கிறது, காற்றின் தடையை அது பொருட்படுத்தாது. உமிக்கு அகலம்தான் உண்டு, எடை இல்லை, அதனால் காற்றில் தங்கிவிடும். அரை நொடி கூட இல்லாத அந்த இடைவெளியில் முறம் சற்றே பின்னால் இழுக்கப்படுகிறது. அரிசி உள்பக்கம் விழ, பின்தங்கிய உமி வாய்ப்பக்கம் விழுகிறது. அடுத்த சுண்டலில் வெளியே. பிறகு பக்கவாட்டில் அசைத்துக் கொழிக்கும்போது வேறொரு விதி: குலுங்கும் குவியலில் சின்னத் துகள் இடுக்குகள் வழியே கீழே இறங்க, பெரியது மேலே மிதக்கும். 1987-இல் இயற்பியலாளர்கள் இதற்குப் ‘பிரேசில் கொட்டை விளைவு’ என்று பெயரிட்டுக் கணினியில் பாவனை செய்து பார்த்தார்கள். இன்றும் அதன் எல்லா நெளிவுசுளிவும் தீர்ந்தபாடில்லை. முறம் பிடித்த கைக்கு அது தீர்ந்து பல தலைமுறை ஆகிறது.

சாயங்காலம் சூரியன் மறைந்ததும் மலையில் இன்னொரு நீரோட்டம் தொடங்கும், கண்ணுக்குத் தெரியாது. தரை சூட்டை விட்டுவிட, அதை ஒட்டிய காற்று குளிர்ந்து கனத்து, சரிவில் வழிந்து பள்ளங்களில் தேங்கும். பள்ளத்து அடியில் வயல் போடலாம், ஆனால் தை மாதத்தில் படுத்துத் தூங்க முடியாது. உச்சியில் கட்டினால் ஊதற்காற்று. இரண்டுக்கும் நடுவே இளம்சூட்டுப் பட்டை ஒன்று இருக்கிறது. பல தனி வீடுகள் நிற்பதும் அந்த நடுச்சரிவில்தான்.

கீழே குளிர், மேலே சூடு என்று காற்று தலைகீழாகும்போது சத்தமும் வழி மாறும். ஒலி சூடான காற்றில் வேகமாகப் போகும், டிகிரிக்கு நொடிக்கு 0.6 மீட்டர் வீதம். பகலில் தரையோரக் காற்று சூடாக இருப்பதால் ஒலியலை மேல்நோக்கி வளைந்து வானத்துக்குப் போய்விடும். எதிர்ச்சரிவில் கூப்பிட்டாலும் கேட்காது. இரவில் அதுவே கீழ்நோக்கி வளையும். எதிர்மலையில் நாய் குரைப்பது, எங்கோ வளைவில் லாரி கியர் மாற்றுவது எல்லாம் வாசலில் நடப்பதுபோல் வரும். மலைவீட்டு அமைதி என்பது சத்தமே இல்லாமை அன்று. ராத்திரியில் அங்கே நம் ஊரைவிட அதிக தூரத்துச் சத்தங்கள் காதில் விழுகின்றன.

கடைசியாகக் கூரைக்கழியில் தொங்கும் சுரைக்குடுக்கை. உள்ளே அடுத்த ஆடிக்கான விதை, சாம்பல் கலந்து. சாம்பலில் விஷம் ஒன்றும் இல்லை. அதன் துகள்கள் வண்டின் உடலைப் போர்த்தியிருக்கும் மெல்லிய மெழுகுப் பூச்சைச் சிராய்த்துவிடும். மெழுகு போனால் உடல் ஈரம் போகும். வண்டு காய்ந்தே சாகும். விதைக்கோ ஈரம் போவதுதான் ஆயுள். விதைச் சேமிப்பில் ஹாரிங்டன் விதி என்று ஒன்று உண்டு: விதையின் ஈரப்பதம் ஒரு சதவீதம் குறைந்தால் ஆயுள் இரட்டிப்பாகும், சேமிக்கும் இடத்தின் வெப்பம் சுமார் 5 டிகிரி குறைந்தாலும் இரட்டிப்பாகும். மலை ஏறியதால் கிடைத்த ஐந்து டிகிரியை இங்கே போடுங்கள். அடுப்பின் மெல்லிய சூடு 12 சதவீத ஈரத்தை 10-க்குக் கொண்டுவந்தால் நான்கு மடங்கு. குளிரையும் சேர்த்தால், சமவெளியில் மூட்டையில் கிடக்கும் அதே விதையைவிட எட்டு மடங்கு. அடுப்புக்கு நேர் மேலே தொங்கவிட்டால் சூடு கூடி இந்த லாபம் கெடும். அதனால்தான் குடுக்கையை எட்டத் தள்ளி, புகை படும் தூரத்தில் கட்டுவது.

2008-இல் நார்வேயின் ஸ்வால்பார்ட் தீவுக்கூட்டத்தில், மலையைக் குடைந்து உலக விதைப் பெட்டகம் ஒன்றைத் திறந்தார்கள். வெப்பம் −18 டிகிரி. ஹாரிங்டன் விதியை எட்டிய மட்டும் இழுத்துப் பிடித்த இடம் அது. அங்கே வைத்த விதை வைத்தபடியே தூங்கும். வெளியே வெயில் கூடியதோ மழை தள்ளிப்போனதோ அதற்குத் தெரியாது. பக்கத்துக் கொல்லிமலையில் எம்.எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனம் 1990-களிலிருந்து ஊர் மக்களோடு சேர்ந்து சிறுதானிய விதை வங்கிகள் நடத்தியதற்குக் காரணமும் பெட்டக விதைக்கும் குடுக்கை விதைக்கும் உள்ள வேறுபாட்டில்தான் இருக்கிறது. குடுக்கை விதை ஒரு வருஷத்துக்கு மேல் தூங்குவது அபூர்வம். ஆடி பிறந்ததும் மண்ணுக்குப் போகும். மழை இருபது நாள் பிந்தினால், அதைத் தாங்கி நின்ற கதிர்தான் அறுவடையின்போது விதைக்கென்று தனியே ஒதுக்கப்படும். தாங்காதது அந்த வருஷத்தோடு சரி.